பில் தேதி

எங்கள் கிடங்கில் இன்றைய தேதிக்கு மதிப்பு கிடையாது. பில்லில் என்ன தேதி இருக்கிறதோ அதுதான் தேதி. பம்பு மோட்டாருக்கான உதிரிப்பாகங்களை ஏற்றிய லாரி வழியில் நான்கு நாள் படுத்துக் கிடந்துவிட்டு வந்தாலும், சரக்கை எண்ணி, பெட்டியைப் பிரித்துப் பார்த்து, வரவுச் சீட்டில் கையெழுத்துப் போடும்போது அடியில் பில் தேதியைத்தான் எழுத வேண்டும். இல்லாவிட்டால் கணினி சரக்கை ஏற்காது, மேலாளர் என்னை ஏற்கமாட்டார். பதினாறு வருடம் இப்படி எழுதி எழுதி என் கைக்குத் தனியாக ஒரு மூளை முளைத்துவிட்டது. ஒரு தாளை முன்னால் நீட்டினால் போதும், வலது மூலையில் இருக்கும் தேதியைத் தேடிப் பிடித்து அதையே கையெழுத்துக்குக் கீழே இறக்கிவிடும். நான் பக்கத்தில் இருக்க வேண்டிய அவசியம்கூட இல்லை.

அந்தக் கைதான் என்னைக் கவிழ்த்தது.

என் தம்பி லிஃப்ட் மெக்கானிக். லிஃப்ட் ஓடும் குழிக்குள் சத்தமே வராமல் ஏறி இறங்குவான் என்பதால் கூட வேலை செய்தவர்கள் அவனைப் பூனை என்றுதான் கூப்பிடுவார்கள். நாளாக ஆக வீட்டிலும் அதுவே நிலைத்துவிட்டது. அவன் மனைவி கோபம் வந்தால் மட்டும்தான் சொந்தப் பெயரைச் சொல்வாள். போன வருடம் ஒரு வியாழக்கிழமை, பன்னிரண்டு மாடிக் கட்டடம் ஒன்றில் ஒன்பதாவது மாடியிலிருந்து அந்தக் குழிக்குள் விழுந்து செத்துப்போனான். இடுப்பில் பாதுகாப்பு பெல்ட் இல்லை. அவனுடைய பெல்ட் அன்றைக்கு என் வீட்டு அலமாரியில் இருந்தது.

அது ஏன் அங்கே இருந்தது என்று கேட்டவர்களுக்கெல்லாம் பாதிதான் சொன்னேன். கொக்கியின் ஸ்பிரிங் உடைந்துவிட்டது, புது பெல்ட் கேட்டு மூன்று வாரமாக நிறுவனத்துக்கு நடையாய் நடந்தான், தரவில்லை, உடைந்ததை என் வீட்டில் வைத்துவிட்டுப் போனான். இவ்வளவும் உண்மை. மீதியைப் பிறகு சொல்கிறேன்.

தம்பி மனைவி எழுந்து நிற்கும் நிலையில் இல்லை. அதனால் புகார் கொடுத்தவள் நான். பெல்ட் தராமல் மேலே ஏற்றிவிட்ட நிறுவனத்தின் மீது புகார். சனிக்கிழமை அந்த உடைந்த பெல்ட்டை ஒரு துணிப்பையில் போட்டுக் காவல் நிலையத்துக்குக் கொண்டுபோய் எழுத்தரிடம் கொடுத்தேன். கொடுத்ததோடு நிற்காமல் கைப்பையிலிருந்து என் நோட்டை எடுத்து அவர் முன்னால் விரித்தேன். கிடங்கிலிருந்து ஒரு பொருள் வெளியே போனால் வாங்கியவரின் கையெழுத்து இல்லாமல் நான் நகரமாட்டேன். 'பாதுகாப்பு பெல்ட் ஒன்று, கொக்கி உடைந்தது' என்று எழுதி, அன்றைய தேதியைப் போட்டு, பேனாவை நீட்டினேன்.

"என்னம்மா இது, நாங்க உங்ககிட்ட சரக்கா எடுக்கறோம்?" என்று எழுத்தர் சிரித்தார்.

"பழக்கம் சார். ஒரு கையெழுத்துதானே."

போட்டார். அதற்குப் பிறகு பதினோரு மாதம் அவரிடமிருந்து எனக்கு எதுவும் கிடைக்கவில்லை. மாதம் இரண்டு முறை போவேன். சுவரோரம் ஒரு பெஞ்சு இருக்கும், அதன் ஒரு கால் குட்டை, அடியில் பழைய கோப்பு ஒன்றை மடித்துச் சொருகியிருப்பார்கள். அந்தக் கோப்பு யாருடைய வழக்கோ என்று நினைத்துக்கொண்டே உட்கார்ந்திருப்பேன். "விசாரணை நடக்குதும்மா" என்பார். எங்கே நடக்கிறது, யார் நடக்கிறார்கள் என்று கேட்டால் கல்லுளிமங்கன் மாதிரி ஃபேனைப் பார்ப்பார்.

ஒரு மாதம் இருபத்தொன்பதாம் தேதி போனபோது, அதிசயமாக அவரே என்னைக் கூப்பிட்டார். மேசை இழுப்பறையைத் திறந்து ஒரு கவரை எடுத்துக் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு ஒரு சீட்டை நீட்டினார். கடிதத்தைப் பிரித்தேன். 'இறந்தவரின் சொந்தக் கவனக்குறைவே விபத்துக்குக் காரணம் எனத் தெரியவருவதால் விசாரணை முடித்துக்கொள்ளப்படுகிறது.' அந்த ஒரு வரிதான் கண்ணில் பட்டது. மற்றதெல்லாம் பூச்சி பூச்சியாக ஓடியது. பூனை என்று பேர் வாங்கியவனுக்கு இவர்கள் எழுதிக் கொடுத்த சான்றிதழ் இது. எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. சீட்டில் கையெழுத்தைக் கிறுக்கிவிட்டு வெளியே வந்து, படியில் உட்கார்ந்து அழுதேன்.

மனம் அழுதுகொண்டிருந்தபோது கை தன் வேலையைப் பார்த்திருக்கிறது. கடிதத்தின் வலது மூலையில் மூன்றாம் தேதி என்று இருந்தது. இருபத்தாறு நாள் இழுப்பறையில் கிடந்த கடிதம். நான் கையெழுத்துக்குக் கீழே மூன்றாம் தேதி என்று போட்டுவிட்டு வந்திருந்தேன். எழுத்தர் அதைப் பார்த்தார், பேசாமல் வாங்கி வைத்துக்கொண்டார். எனக்கு அது தெரியப் பன்னிரண்டு நாள் ஆயிற்று.

நீதிமன்றத்துக்கு எதிரே ஒரு ஜெராக்ஸ் கடை. அதை நடத்தும் பெண்மணி இருபது வருடமாக மனு தட்டச்சு செய்து செய்து, சட்டப் புத்தகத்தைக் கரைத்துக் குடித்தவள். "இந்த வாசல்ல நிக்கற வக்கீல்ல பாதிப் பேர் என்கிட்ட கேட்டுட்டுதான் உள்ள போறாங்க" என்று சொல்லிக்கொள்வாள். பார்த்தால் பொய் மாதிரி தெரியவில்லை. கடிதம் வாங்கிய மறுநாளே அவளிடம் அதைக் காட்டினேன்.

"மூடிட்டாங்களா, மூடட்டும். அதோட முடிஞ்சிடல" என்றாள். "மூடறதுக்கு என்ன காரணம்னு புகார் கொடுத்தவங்களுக்கு எழுத்துல சொல்லணும், அதைத்தான் கொடுத்திருக்காங்க. அறிக்கையோட நகலைக் கேளுங்க, தரணும். உங்க கைக்குக் கடிதம் வந்த நாள்லேர்ந்து முப்பது நாளைக்குள்ள ஆட்சேபணை போட்டா, உங்களைக் கூப்பிட்டு என்னன்னு கேக்காம நீதிபதி இதை மூட முடியாது. திரும்ப விசாரிங்கன்னு சொல்லவும் அவருக்கு அதிகாரம் இருக்கு. எப்ப வந்துச்சு கைக்கு?"

"நேத்துதான்."

"அப்ப என்ன, ஒரு மாசம் முழுசா இருக்கு. பதறாதீங்கக்கா."

பதினோரு மாதத்தில் முதல்முறையாக யாரோ என் தோளைத் தட்டிக்கொடுத்த மாதிரி இருந்தது. நகலுக்கு எழுதிக் கொடுத்தோம். அடுத்த மாதம் எட்டாம் தேதி கைக்கு வந்தது. நாற்பத்திரண்டு பக்கம். சரக்குப் பட்டியலைச் சரிபார்ப்பதுபோல் ஒவ்வொரு வரியிலும் விரல் வைத்துப் படித்தேன். நான் கொடுத்த உடைந்த பெல்ட் அதில் எங்குமே இல்லை. அதற்குப் பதிலாகப் புத்தம்புது பெல்ட் ஒன்று முப்பத்தோராம் பக்கத்தில் முளைத்திருந்தது. சம்பவம் நடந்த அன்றே இறந்தவரின் கருவிப் பெட்டியில் நல்ல நிலையில் கண்டெடுக்கப்பட்டதாம். கையில் பெல்ட்டை வைத்துக்கொண்டு கட்டாமல் ஏறினானாம்.

அன்று சாயங்காலம் தம்பி வீட்டுக்குப் போனேன். அவன் மகளுக்கு ஆறு வயது. பள்ளியில் யாரோ சொல்லியிருக்கிறார்கள். "அத்தை, அப்பா பெல்ட் வச்சிக்கிட்டே போடலையா?" என்று கேட்டாள். அவள் அம்மா சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டாள். "இல்ல கண்ணு, அப்பாகிட்ட பெல்ட்டே இல்ல" என்றேன். என் நோட்டில் எழுத்தரின் கையெழுத்து இருக்கிறது. உடைந்த பெல்ட் மூன்றாம் நாளே காவல் நிலையத்துக்குப் போய்விட்டது என்பதற்கு உலகத்தில் இருக்கும் ஒரே ஆதாரம் அந்தப் பக்கம்தான். அதை நீதிபதி பார்த்துவிட்டால் போதும், இந்தக் குழந்தைக்கு நான் சொன்னது நிஜமாகிவிடும் என்று நம்பினேன்.

பத்தாம் தேதி ஆட்சேபணை மனுவோடு நீதிமன்ற அலுவலகத்துக்குப் போனேன். நாலாவது மாடி. லிஃப்ட் இருக்கிறது, நான் ஏறுவதில்லை. எண்பத்தெட்டுப் படி. மேலே கம்பி போட்ட கவுண்டர், கம்பிக்குப் பின்னால் ஒரு தடித்த மூக்குக்கண்ணாடி, அதற்குப் பின்னால் மனு வாங்கும் அலுவலர். நல்ல மனிதர், குரலை உயர்த்தாதவர். மனுவைப் புரட்டினார், ஏதோ ஒரு கோப்பை எடுத்துவரச் சொன்னார், இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்.

"எட்டு நாள் தாமதம்மா இது."

"என்ன சார் சொல்றீங்க? இருபத்தொன்பதாம் தேதிதானே கைக்கு வந்துச்சு?"

காவல் நிலையத்திலிருந்து கோப்போடு வந்திருந்த சீட்டை அவர் கம்பிக்கு நேராகத் திருப்பிக் காட்டினார். என் கையெழுத்து. அடியில், அழகாக, கோடு போட்ட மாதிரி, மூன்றாம் தேதி. "இது உங்க எழுத்துதானே? மூணாம் தேதி வாங்கியிருக்கீங்க. ரெண்டாம் தேதியோட முப்பது நாள் முடிஞ்சுபோச்சு."

பில், லாரி, கணினி, மேலாளர் என்று உளறினேன். அவர் பொறுமையாகக் கேட்டார். எனக்குப் பின்னால் நின்றவர் தொண்டையைக் கனைத்தார். "நீங்க சொல்றது நிஜமாகூட இருக்கலாம். ஆனா தாள்ல இருக்கறதைத்தான் நான் பார்க்க முடியும்" என்று சொல்லி, மனுவைக் கம்பிக்கு அடியில் இருந்த சந்து வழியாக என் பக்கம் தள்ளினார்.

எண்பத்தெட்டுப் படியும் இறங்கி நேரே காவல் நிலையம் போனேன். எழுத்தர் என்னைப் பார்த்ததும் முதல்முறையாக நாற்காலி போட்டார். அப்போதே எனக்கு உறைத்திருக்க வேண்டும்.

"நீங்கதானேம்மா தேதி போட்டீங்க. அதைப் பார்த்துதான் நானும் பதிவேட்டுல மூணுன்னு எழுதினேன்" என்றார். பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டார். "ஒண்ணு பண்ணலாம். கையெழுத்துப் போடும்போது உண்மையான தேதியைப் போடற பழக்கம் எனக்கு இல்லை, வேலை இடத்துப் பழக்கத்துல மாத்திப் போட்டுட்டேன்னு நீங்க எழுதிக் கொடுங்க. நான் ஆமா, அப்படித்தான்னு அடியில கையெழுத்துப் போட்டுடறேன். உங்களுக்கும் முப்பது நாள் திரும்பக் கிடைச்சுடும். பாவம், எத்தனை தடவைதான் அலைவீங்க."

எனக்குக் கண் கலங்கிவிட்டது. இந்த மனிதரையா கல்லுளிமங்கன் என்றேன் என்று வெட்கமாகக்கூட இருந்தது. அவரே வெள்ளைத்தாள் கொடுத்தார். இரண்டு வரி எழுதினேன். மதியச் சாப்பாட்டுக்கு ஆய்வாளர் கூப்பிட, "வீட்ல வச்சு நிதானமா எழுதிட்டு நாளைக்குக் கொண்டாங்க" என்று எழுந்து போனார். அந்தச் சாப்பாட்டுக்கு நான் இன்றைக்கும் நன்றி சொல்கிறேன்.

மறுநாள் காலை அந்த இரண்டு வரியைத் தட்டச்சு செய்யச் சொல்லி ஜெராக்ஸ்காரியிடம் நீட்டினேன். அவள் படித்தாள், என்னைப் பார்த்தாள், மறுபடியும் படித்தாள்.

"இதை யார் சொல்லிக் கொடுத்தா?"

சொன்னேன்.

"அக்கா, உங்க நோட்டை எடுங்க." எடுத்தேன். பெல்ட் கொடுத்த பக்கத்தைத் திருப்பி, தேதியின் மேல் நகத்தை வைத்தாள். "இது யார் எழுதின தேதி?"

"நான்தான். ஆனா அது நிஜமான தேதி. அதுக்கு பில் கிடையாதே."

"உங்களுக்குத் தெரியும், எனக்குத் தெரியும். உண்மையான தேதி போடற பழக்கம் எனக்கு இல்லைன்னு நீங்களே எழுதிக் கொடுத்த பிறகு நீதிபதிக்கு எப்படித் தெரியும்? இந்த அம்மா பெல்ட்டை ஆறு மாசம் கழிச்சுக் கொண்டாந்துட்டு, பழைய தேதி போட்டு வச்சிருக்காங்கம்பாங்க. நீங்க எழுதின தாளையே எடுத்துக் காட்டுவாங்க. நேத்து நாற்காலி போட்டாரா?"

"போட்டார்."

"அதான்."

கடைக்குள் இருந்த இரண்டு எந்திரங்களும் ஓடிக்கொண்டிருந்தன. சீட்டில் இருக்கும் தேதி தப்பு என்றால் நோட்டில் இருக்கும் தேதியும் தப்பு. நோட்டில் இருப்பது சரி என்றால் சீட்டில் இருப்பதும் சரி, நான் தாமதம். ஒரே கை எழுதியது, ஒன்றை மட்டும் தனியாகப் பிரித்து எடுக்க முடியாது. எந்தப் பக்கம் திரும்பினாலும் சுவர் இருந்தது, அந்தச் சுவரைக் கட்டியவள் நான். இருபத்தாறு நாள் கடிதத்தை இழுப்பறையில் அடைகாத்தவர் மீது விரல்கூட நீட்ட முடியாது. அவர் பத்திரமாக என் தேதிக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தார்.

"வேற வழியே இல்லையா?"

"இருக்கு. உங்களுக்குத்தான் பிடிக்காது" என்றாள். "மூணாம் தேதியே வாங்கிட்டேன்னு ஒத்துக்கணும். தாமதத்தை மன்னிச்சு ஏத்துக்கச் சொல்லித் தனியா ஒரு மனு போடணும். காரணம் நியாயமாப் பட்டா நீதிபதி ஏத்துக்கலாம். ஏத்துக்காமலும் போகலாம். ஆனா நோட்டு பொழைச்சுடும்."

"போடு."

அவள் தட்டினாள். திரையை என் பக்கம் திருப்பினாள். 'எனது சொந்தக் கவனக்குறைவால் ஒன்பது நாள் தாமதம் ஏற்பட்டுவிட்டது' என்று இருந்தது.

நான் அந்த வரியையே பார்த்துக்கொண்டிருந்தேன். எந்த இரண்டு வார்த்தையை என் தம்பியின் மேலிருந்து அழிப்பதற்காகப் பதினோரு மாதம் அந்தக் குட்டைக்கால் பெஞ்சில் உட்கார்ந்தேனோ, அதே இரண்டு வார்த்தை.

"வேற காரணம் எதுவும் எழுதக் கூடாதா?"

"எழுதலாம். உடம்பு சரியில்லைன்னா டாக்டர் சீட்டு கேப்பாங்க. வெளியூர் போயிருந்தேன்னா டிக்கெட் கேப்பாங்க. சாவுன்னா சான்றிதழ் கேப்பாங்க. இது ஒண்ணுக்குத்தான்க்கா யாரும் ஆதாரம் கேக்க மாட்டாங்க." விசைப்பலகையைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். அவள் சொல்லி முடித்த பிறகுதான் என்ன சொன்னோம் என்பது அவளுக்கே புரிந்தது போலிருந்தது. "சும்மா ஒரு பேச்சுக்கு எழுதறதுதானே. பொய்யினு நமக்குத் தெரியும்ல, விடுங்க" என்றாள்.

மீதியைச் சொல்கிறேன் என்றேனே. அந்தச் செவ்வாய்க்கிழமை பூனை சும்மா ஒன்றும் பெல்ட்டை என் வீட்டில் வைத்துவிட்டுப் போகவில்லை. கிணற்றுக்குள் பம்பை இறக்கும் கயிற்றுக்கு எங்கள் கிடங்கில் கொக்கி வரும். ஸ்பிரிங் வைத்தது, கனமானது, அவன் பெல்ட்டில் உடைந்ததற்கு அச்சு அசல் அதே அளவு. ஏழாவது அடுக்கில் ஒரு பெட்டி நிறைய இருந்தது. "அக்கா, ஒண்ணே ஒண்ணு எடுத்துக் குடு. அவங்க புதுசு தர்ற வரைக்கும் ஓட்டிக்கறேன்" என்றான். அந்த வாரம் சரக்கு எண்ணும் வாரம். எண்ணி முடிக்கும்வரை ஓர் ஆணிகூட வெளியே போகக் கூடாது என்பது எங்கள் சட்டம். "எண்ணி முடியட்டும்டா, வெள்ளிக்கிழமை எடுத்துத் தரேன். அதுவரைக்கும் இந்தப் பூனை தரையில நடக்கட்டும்" என்று கிண்டலாகச் சொல்லிப் பெல்ட்டை வாங்கி அலமாரியில் வைத்தேன். அவன் சிரித்தான். வியாழக்கிழமை, பத்து நிமிட வேலை என்று சொல்லி மேற்பார்வையாளர் ஏற்றிவிட்டிருக்கிறார். எண்ணிக்கையில் அந்தக் கொக்கிகள் நூற்று நாற்பத்து நான்கு இருந்தன. ஒன்றுகூடக் குறையவில்லை.

இதை நான் காவல் நிலையத்தில் சொல்லவில்லை. அவன் மனைவியிடமும் சொல்லவில்லை. ஜெராக்ஸ்காரிக்கும் தெரியாது. அதனால்தான் அந்த மனுவில் அந்த வரியும் பொய் என்று அவள் நினைத்தாள்.

"அச்சுப் போடும்மா" என்றேன்.

எண்பத்தெட்டுப் படி ஏறினேன். மூக்குக்கண்ணாடிக்காரர் இரண்டு மனுவையும் வாங்கிப் பார்த்து, தாமத மனுவில் கையெழுத்துப் போடச் சொல்லிக் கம்பிக்கு அடியில் தள்ளினார். கையெழுத்துப் போட்டேன். கை தன் போக்கில் வலது மூலைக்குப் போகப் பார்த்தது. இடது கையால் அதைப் பிடித்து நிறுத்தினேன். அவருக்குப் பின்னால் சுவரில் தொங்கிய காலண்டரை ஒருமுறை பார்த்து, ஒவ்வொரு எண்ணாக, எழுதப் பழகும் பிள்ளை மாதிரி பதினொன்று என்று எழுதினேன்.

"இருபத்தி நாலாம் தேதி வாங்க" என்றார். "முதல்ல இந்தத் தாமதத்தை ஏத்துக்கறதா வேண்டாமான்னு பார்ப்பாங்க. உங்க கவனக்குறைவை மன்னிச்சாத்தான் மத்ததையே பிரிப்பாங்க."

"சரி சார்."

நான் நகரவில்லை. பின்னால் வரிசையில் யாரோ முணுமுணுத்தார்கள். கைப்பையிலிருந்து நோட்டை எடுத்து, 'ஆட்சேபணை மனு ஒன்று, தாமத மனு ஒன்று' என்று எழுதி, சந்து வழியாக உள்ளே தள்ளினேன்.

அவர் நோட்டைப் பார்த்தார், அதற்கு மேல் வரியில் எழுத்தரின் கையெழுத்தையும் பார்த்தார். பேனாவை எடுத்தார். கையெழுத்துப் போட்டுவிட்டுத் தலையை நிமிர்த்தினார்.

"தேதி?"

"நீங்களே போடுங்க சார்" என்றேன்.